இதர

ஆடியில் யாரும் தாலி கட்டுவதில்லை,
அதனால் மண்டபத்துக்குப் பாதி வாடகை.
மேனேஜர் ரசீதுப் புத்தகத்தைத் திருப்பி
திருமணம், வளைகாப்பு, காதணி விழா என்று
பேனாவை இறக்கிக்கொண்டே வந்து
எங்கள் நால்வரையும் ஒருமுறை பார்த்து
இதர என்பதில் டிக் போட்டார்.

எங்கள் ஒன்பதாவது ஆல்பம் அது.
ஒன்பது, ஹபீபின் கணக்கு.
கேசட்டில் வந்த முதல் இரண்டை
நான் சேர்ப்பதில்லை.

மணவறை மேடையில் என் டிரம்ஸ்.
முதுகுக்குப் பின்னால் இரண்டு தெர்மகோல் அன்னங்கள்.
நான் மிதிக்கும்போதெல்லாம்
ஒன்றையொன்று அலகால் இடித்துக்கொண்டன.
மாப்பிள்ளை வீட்டார் படுக்கும் மெத்தைகளைச்
சுவரெங்கும் சாத்தினோம்.
அமலோற்பவத்துக்குக் காய்கறி அறை.
காலி வெங்காயக் கூடைகளுக்கு நடுவே பாடிவிட்டு
கண்ணைத் துடைத்துக்கொண்டு வருவான்,
காரணம் கேட்க முடியாது.

கடைமடை என்று பெயர் வைத்தது
பாலிடெக்னிக் ஆண்டுவிழாவுக்காக.
மேட்டூரில் திறந்தால்
எங்கள் பக்கம் கடைசியாய்த்தான் வரும் தண்ணீர்,
வந்தால்.
பெயர் பலித்துவிட்டது என்பான் ஹபீப்.
முத்துப்பேட்டையில் டைல்ஸ் கடை அவனுக்கு.
சர்க்கரையில் இடது மோதிர விரல்
மடங்கினால் நிமிராது.
அந்த விரலைக் கழித்து
சோலோ முழுவதையும் மாற்றி வாசித்தான்.
முன்பைவிட நன்றாயிருந்தது.
அவனிடம் சொல்லவில்லை.

சாயங்காலம் ஐந்திலிருந்து பதினொன்று வரை
காளியம்மன் கோயில் குழாய் ஸ்பீக்கர்.
அது ஓய்ந்தால் தவளைகள்.
மெர்லின் எதையெதையோ வெட்டிப் பார்த்தாள்,
வெட்ட வெட்ட கிட்டாரும் சேர்ந்து போனது.
நாலாவது பாட்டில் இரண்டாம் சரணம் முடிந்ததும்
எல்லோரும் நிறுத்தும் இடத்தில் கேளுங்கள்,
நிறுத்தாதவர்கள் அவைதான்.

'மதகு' பாட்டின் உச்சியை
அமலோற்பவத்தால் எட்ட முடியவில்லை.
பதினேழு டேக்.
கம்ப்யூட்டர்ல ஏத்திடலாம் அங்கிள், ஒரு நிமிஷம்
என்றாள் மெர்லின்.
வெந்நீரை ஆற்றிக்கொண்டே கேட்டான்:
ஏத்துனா, அது யாரு?

மின்வாரியத்தில் போர்மேன் தியாகசுந்தரம்,
பேச்சு குறைவு.
பேஸ் கிட்டாரை மடியில் போட்டு
நான்கு தந்தியையும் ஒவ்வொன்றாய்த் தளர்த்தினான்.
ஹபீப் முணுமுணுத்தபடி அவனும் இறக்கினான்.
டிரம்ஸுக்கு இதில் வேலையில்லை.
ஆனாலும் நானும்
கொஞ்சம் பொறுத்துப் பொறுத்து அடித்தேன்.
சேறு கலந்து மெல்ல நகர்ந்தது பாட்டு.
பழையதைக் கேட்டவர்கள் திட்டுவார்கள்.
திட்டட்டும்.

பாட்டு வரிசைக்கு வந்ததுதான் பெரிய சண்டை.
வாய்க்கால் தலைப்பில்
மண்வெட்டியோடு நிற்கிற மாதிரி நின்றோம்,
என் பாட்டு முதல், உன் பாட்டு முதல்.
இரண்டு நாள் சாப்பாடு தனித்தனிப் பொட்டலம்.
கடைசியில் மெர்லின் சீட்டுக் குலுக்கினாள்.

ஆவணி முதல் முகூர்த்தத்துக்கு
விடிகாலையில் மண்டபத்தைக் காலி செய்தோம்.
சிம்பலைத் தலைமேல் தூக்கி வந்த என்னை
எதிரே அண்டா இறக்கிய சமையல்காரர் கேட்டார்:
மேளமா?
ஆமாம் என்றேன்.

அட்டைப்படம் அந்த ரசீதுதான்.
ஆல்பத்தின் பெயரும் அந்த டிக் விழுந்த இடம்.

வெளியான வெள்ளிக்கிழமை
மன்னார்குடி - திருத்துறைப்பூண்டி பஸ்ஸில்
டிரைவர் வடுகநாதனிடம் பென்டிரைவைக் கொடுத்துவிட்டு
டிக்கெட் எடுத்து நடு சீட்டில் உட்கார்ந்தேன்.
முதல் பாட்டு யாரையும் திருப்பவில்லை.
கோட்டூருக்கு முன்னால்
மடியில் உர மூட்டையோடு இருந்த அம்மாள்
டிரைவரைப் பார்த்துக் கத்தினார்:
தம்பி, வண்டிக்கு அடியில
என்னமோ இடிக்குது பாரு.

வடுகநாதன் ஓரங்கட்டினான்.
இஞ்சினை அணைத்தான்.
பஸ் முழுக்கக் காதைக் கொடுத்தது.

இடித்துக்கொண்டிருந்தது நான்.