சுவர்ப்பலகை

எனக்குப் பதினாறு வயது. நாளுக்கு ஒன்றரை ரூபிள்.
வேலை, நீண்ட கழியின் கொக்கியால்
சுவர்ப்பலகையில் காய்களை இடம் மாற்றுவது.
கட்டத்துக்கு ஓர் ஆணி, அறுபத்து நான்கு ஆணி.
பேசக் கூடாது, இருமக் கூடாது,
முகத்தில் எதுவும் தெரியக் கூடாது என்று
நடுவர் வார்த்கெஸ் இரண்டு முறை சொன்னார்.

எரெவானில் பிப்ரவரி.
உள்ளே ஐந்நூறு பேர். வெளியே பனியில்
சூரியகாந்தி விதை கொறித்தபடி இன்னும் ஐந்நூறு.
ஜன்னலோரம் நின்றவன் நகர்வைக் கூவுவான்,
அது வாய்மாறி வாய்மாறி டிராம் நிறுத்தம்வரை போகும்.
ஜிராய்ர் தெவோயன் எந்தக் காயைத் தொட்டாரென்று
ரொட்டி சுடுகிறவளுக்கும் தெரியும்.

பதினேழில் மாஸ்டர், இருபத்து மூன்றில் கிராண்ட்மாஸ்டர்.
பெல்கிரேடில் முதலிடம்.
ரீகாவில் முதலிடத்துக்கு அரைப் புள்ளி குறைவு.
அந்த அரைப் புள்ளியை
பல்லிடுக்கில் மாட்டிய நாரைப் போல
ஆயுள் முழுக்க நாக்கால் நெருடிக்கொண்டிருந்தார்.
இதெல்லாம் புத்தகத்தில் இருக்கிறது.

பதினான்காவது நகர்வு.
குதிரையை எடுத்து பி-ஐந்தில் வைத்தார்.
நானும் கழியை உயர்த்தினேன்.
அட்டைக் குதிரை
ஆணியில் நிற்காமல் வழுக்கி
கீழே, இடப்பக்கம், ஓரத்து ஆணியில்
வேண்டுமென்றே வைத்ததுபோல் போய்த் தொங்கிற்று.
தரையில் விழுந்திருந்தால் சிரித்திருப்பார்கள்.
விழுந்ததோ
விதிப்படி குதிரை போகக்கூடிய கட்டம்.

ஐந்நூறு தொண்டையும் ஒன்றாக ஐயோ என்றது.
ஒருவர் தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார்.
பனிக்குள் ஓடியது செய்தி: தெவோயன் தொலைந்தார்.
நான் உடனே திருத்தியிருக்க வேண்டும்.
கை வரவில்லை.
கழிதான் என்னைப் பிடித்துக்கொண்டு நின்றது.

அப்போதுதான் நிமிர்ந்தார்.
தன் பலகையைப் பார்த்தார். சுவரைப் பார்த்தார்.
திரும்பவும் சுவரை.
எதிராளியின் கடிகாரம் ஓடிக்கொண்டிருக்க
தான் ஆடாத ஆட்டத்தை, முழுசாக ஒரு நிமிடம்,
ஆளில்லாத வீடென்று நினைத்திருந்த ஜன்னலில்
விளக்கு எரிவதைக் கண்டவர்போல.

வார்த்கெஸ் செருமினார். குதிரையை மேலே ஏற்றினேன்.
ஆட்டம் டிரா.
மறுநாள் என்னைக்
கோட்டு வாங்கி வைக்கும் அறைக்கு மாற்றினார்கள்.
அவர் டோக்கன் நாற்பத்தொன்று.
ஈரக் கம்பளி, ஒரு பையில் உலர்ந்த ஆப்ரிகாட்.
நன்றி என்றார். அவ்வளவுதான்.

பதினோரு வருஷம் கழித்து,
வயிற்றுப்புண்ணும் வழுக்கையுமாக
தரப்பட்டியலில் அவர் இறங்கிக்கொண்டிருந்த காலம்,
ஹாலந்தில், கடல் காற்று அடிக்கும் ஏதோ ஓர் ஊரில்
அதே நிலை வந்தது.
நாற்பது நிமிடம் யோசித்தாராம்.
குதிரையை ஓரத்தில் வைத்தார்.
முப்பத்தொன்றாவது நகர்வில் எதிராளி கைகொடுத்து எழுந்தான்.
அழகான ஆட்டத்துக்குப் பரிசு, ஒரு கைக்கடிகாரம்.

பாடநூல்களில் அதற்குப் பெயர் தெவோயன் நகர்வு.
வீட்டிலிருந்தே ஆழமாக ஆராய்ந்து கொண்டுவந்தது
என்று அடிக்குறிப்பு.
அன்று நான் மெட்ரோவில் டிக்கெட் கொடுத்துக்கொண்டிருந்தேன்.
செய்தித்தாளில் பலகையின் படம்.
வரிசை நீண்டு, ஒருவன் நாணயத்தால்
கண்ணாடியைத் தட்டும்வரை
அந்த ஓரத்துக் கட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவருக்கு நினைவிருந்ததா, தெரியாது.
தானே கண்டிருக்கலாம்.
அவர் கிராண்ட்மாஸ்டர், நான் கழி.
இறந்தபோது ஊரே போயிற்று, நானும் போனேன்.
சவப்பெட்டிக்குப் பக்கத்தில் மெடல்கள்,
வெல்வெட்டில் வரிசையாக.
அந்தக் கைக்கடிகாரத்தைத் தேடினேன். காணோம்.

போன மாதம் மேல்வீட்டுத் தாரோன்
கணினியில் போட்டுப் பார்த்தான்.
அந்த நகர்வு தப்பாம்.
கறுப்பு சரியாக ஆடினால் வெள்ளைக்குத் தோல்வி,
பன்னிரண்டு விநாடியில் சொல்லிவிட்டது.
இத்தனை வருஷமாய் ஒருவரும் சரியாக ஆடவில்லையே என்றேன்.
அவன் அடுத்த ஆட்டத்துக்குப் போய்விட்டான்.

ஒன்று மட்டும்.
காலையில் பலகையைத் துடைத்தபோதே பார்த்தேன்,
பி-ஐந்தின் ஆணி கொஞ்சம் வளைந்திருந்தது.
சுத்தியல் அலமாரியில்தான் இருந்தது.
யாரிடமும் சொல்லவில்லை.