இருபத்துமூன்றாவது எருமை

மல்லாவிச் சங்கக்கடையில்
பருப்புச் சுற்றிவந்த தாளில்தான் உன்னைக் கண்டேன்.
சங்காய் நகரம். மேசைமேல் குனிந்த முதுகு.
சீனத்தில் முதன்முதல் படங்களை நடக்கவிட்டவர்களில் ஒருவன்
என்று கீழே போட்டிருந்தது.
பெயர் இருந்த மூலை
யாருடைய பருப்போடோ போய்விட்டது.
உன் நகரத்துக்கும் குண்டுவீச்சு விமானங்கள் வந்தன
என்று அரை வரி. மீதி அரை இல்லை.

ஒரு நொடிக்குப் பன்னிரண்டு படம்.
இந்தக் கணக்கை மட்டும்
கிழிசல் முழுதாய் விட்டிருந்தது.

எனக்குக் கணக்கு வரும்.
நாலு நொடிக்கு நாற்பத்தெட்டு.
டோர்ச் பற்றரியைத் தாண்டிக்குளத்தில்
பறித்துக்கொள்கிற வருசத்தில்
நாற்பத்தெட்டுத் தாளுக்கு எங்கே போக?
என் லாச்சிக்குள்
வெட்டுப்பட்ட நிவாரண அட்டைகள்,
கட்டுக்கட்டாய். பின்பக்கம் வெள்ளை.

எருமையைத் தேர்ந்தேன்.
குளத்துச் சேற்றிலிருந்து எழும்பும் எருமை.
மெல்லத்தானே எழும்பும், சுகம் என்று நினைத்தேன்.
மெல்ல எழும்புவதுதான் வில்லங்கம்
என்று நீயாவது சொல்லியிருக்கலாம்.
முதலில் பின்னங்கால்.
பாரம் முன்னுக்குச் சரியும்.
பிறகு ஒரு மூச்சு நேரம் ஒன்றும் நடவாது.
அந்த ஒன்றும் நடவாததற்கு ஆறு அட்டை.

யன்னல் கண்ணாடிக்குக் கீழே
ஜாம் போத்தல் விளக்கு.
வெளிச்சத்தில் முன்பக்கமும் சேர்ந்தே தெரியும்:
அங்கத்தவர் 7. அங்கத்தவர் 3.
நிரந்தர முகவரி: உருத்திரபுரம்.
எல்லாம் எருமையின் வயிற்றுக்குள்.

சைக்கிள் ரியூப் துண்டால் கட்டி,
பெருவிரலால் தட்டிக் காட்டினேன்.
“உதென்ன, நாற்பத்தெட்டும் ஒரே மாடு” என்ற
புனிதராணியக்கா வாயைப் பொத்திக்கொண்டா.
பிறகு சொன்னா:
“திரும்ப இருத்து, பாப்பம்.”

செவ்வாய்க்கிழமை கேதாரலிங்கம் வந்தார்.
“அஞ்சு பேரும் உயிரோடதான் இருக்கிறம்.
ஏன் பிள்ளை எங்களை வெட்டினனீங்கள்?”
பதிவேட்டில் பிழை. என் கையெழுத்து.
லாச்சியில் தேடினேன், இல்லை.
ரியூப்பைக் கழற்றினேன்.
இருபத்துமூன்று: முன்னங்கால் ஒன்று ஊன்றி,
மற்றது இன்னும் சேற்றுக்குள்.

வெட்டின் மேல் ஒப்பமிட்டுக் கொடுத்தேன்.
வாசலில் நின்று திருப்பிப் பார்த்தார்.
ஒன்றும் கேட்கவில்லை.
அரிசி நிறுக்கிற பெடியன்தான் கேட்டானாம்,
மாட்டுக்கும் பங்கு இருக்கோ என்று.

இப்போது அந்த இடத்தில்
எருமை ஒரு வெட்டு வெட்டித்தான் நிமிருது.
முழங்காலில் நின்றது,
கண் மூடித் திறக்குமுன் நாலு காலில்.
இன்னொன்று வரையலாம்.
இரண்டு தரம் பென்சில் எடுத்தேன்.

சங்காய்க்காரனே,
உன் கட்டிலும் ஒன்று குறைந்ததா,
அதற்கு என்ன செய்தாய் என்று
அந்த மூலையில் எழுதியிருந்திருக்குமோ தெரியாது.
இங்கே பார்க்கிற பிள்ளைகள்
ஏன் துள்ளுது என்று கேட்டால் சொல்கிறேன்:
ஒன்று அரிசி எடுக்கப் போயிருக்கு.