தேய்மான அட்டவணை

ஏற்காடு சாலை, பதினோராவது கொண்டை ஊசி.
தொண்ணூற்றெட்டு மாடல் ஜிப்சியை
ஒற்றை சில்வர் ஓக் தாங்கிப் பிடித்திருக்கிறது.
மரத்தில் ஏறியிருந்த மிளகுக்கொடி நசுங்கி
ஆயில் வாடையோடு காரமும் வருகிறது.

நான் இன்சூரன்ஸ் சர்வேயர்.
அஸ்தம்பட்டியிலிருந்து ஸ்கூட்டியில் வந்திறங்கினேன்
டேப், சாக்பீஸ், படிவம்.

இடது மட்கார்டு கிழிந்த இடத்தில்
பெயின்ட் அடுக்கடுக்காய்த் தெரிகிறது.
மேலே சிவப்பு: நாகலூர் காப்பி காண்ட்ராக்டர்
இஞ்ஞாசிமுத்து போன தவக்காலத்தில் அடித்தது.
அடியில் வெள்ளை, ஓமலூர் டாக்டர் காலத்தது.
அதற்கும் அடியில்
ராணுவம் ஏலத்தில் தள்ளிவிட்ட பச்சை.
நகத்தால் சுரண்டினேன். தகரம்.
அதோடு ஆர்.சி. புத்தகம் முடிந்துவிடும்.

மிச்சத்தைச் சொன்னது குகை மெக்கானிக் தஸ்தகீர்,
ரெக்கவரி வண்டிக்குக் காத்திருந்த நேரத்தில்.

முதலில் இதைச் செய்த ஜப்பான் கம்பெனியின் பெயருக்கு
நம்பிக்கை என்று அர்த்தமாம்.
விரல்விட்டு எண்ணும் அளவே விற்று
வரைபடத்தோடு சுசுகிக்குக் கைமாற்றிவிட்டது.
எழுபதில் ஜிம்னி என்று வெளியே வந்தபோது
இன்ஜின் முந்நூற்று அறுபது சிசிக்குள்,
உங்க ஸ்கூட்டிக்கு மூணு பங்கு, அவ்வளவுதான் மேடம்.
அதை வைத்துக்கொண்டு பனிமலை ஏறியது.

சின்ன வண்டிக்கு அங்கே மூன்று மீட்டர்தான் நீளம்.
ஒரு விரற்கடை மிஞ்சினாலும் வேறு கணக்கு.
ஸ்டெப்னியைப் பின்னால் தொங்கவிட்டால் மிஞ்சும்.
அதனால் உள்ளே, நான்காவது ஆள் உட்காரும் இடத்தில்
சக்கரத்தை உட்கார வைத்தார்கள்.
"ஜப்பான்காரன் கஞ்சனில்ல, சட்டம் கஞ்சம்"
என்று சொல்லி பீடியை அணைத்தார்.

எண்பத்தைந்தில் குர்கானில் அதையே நீட்டி
ஜிப்சி என்று பெயரிட்டார்கள்.
போலீஸ் ஏறியது, பட்டாளம் ஏறியது,
உட்கார்ந்தவர் இடுப்பெலும்பு எல்லாம் எண்ணிக்கொண்டது
அந்தப் பட்டை ஸ்பிரிங்.
பத்தொன்பதோடு நிறுத்தியாயிற்று.
இப்போது ஐந்து கதவு ஜிம்னியை இங்கே கட்டி
ஜப்பானுக்கே கப்பலேற்றுகிறார்களாம்,
அங்கே க்யூ நிற்கிறதாம்.

சரி, என் வேலை.
பத்து வயது தாண்டிய தகரத்துக்குப் பாதி.
டயருக்குப் பாதி. பிளாஸ்டிக்குக்குப் பாதி.
கண்ணாடிக்கு மட்டும் தேய்மானம் கிடையாது,
உடைந்த நிமிடம் வரை அது புதுசு.

கட்டம் ஆறு: ஓட்டியவர் பெயர்.
"நான்தாங்க" என்றார் இஞ்ஞாசிமுத்து.
ஆறடிக்கு மேல் ஆள்.
டிரைவர் சீட்டோ ஸ்டீயரிங்கோடு ஒட்டிக் கிடக்கிறது.
அவர் முழங்கால் அதற்குள் நுழையாது.

அவர் மனைவி வியாகுலம்
பிளாஸ்க்கிலிருந்து காப்பி ஊற்றித் தந்தாள்.
அவர் மார்புயரம்தான் இருப்பாள்.
வலது மணிக்கட்டில் கைக்குட்டை கட்டியிருந்தாள்.
சரிவையே பார்த்தபடி, யாரிடமோ சொல்வது போல,
"செகண்ட் கியர்லயே வந்திருக்கணும்" என்றாள்.

இஞ்ஞாசிமுத்து அவசரமாக இருமினார்.
லைசென்ஸ் இருக்கிறதா என்று நான் கேட்க வேண்டும்.
இல்லையென்றால் க்ளெய்ம் இல்லை.
காப்பி சூடாக இருந்தது, சர்க்கரை சற்று அதிகம்.
கேட்டது இது:
"எத்தனை நாளா?"
"மூணு வாரம்" என்றாள். "கீழ்வரைக்கும் ரெண்டு தடவ போய்ட்டு வந்தாச்சு."
கைக்குட்டைக்கு மேலே அவள் முகத்தில்
வருத்தம் இருந்த மாதிரி எனக்குப் படவில்லை.

ரெக்கவரி வண்டி வந்தது. கம்பி மாட்டினார்கள்.
ஸ்டீயரிங் பிடிக்க ஓர் ஆள் உள்ளே உட்கார வேண்டும்.
தஸ்தகீர் கதவை உதைத்துத் திறந்து
சீட்டுக்கடியில் கைவிட்டு லீவரைத் தூக்கினார்.
கிறீச்சென்று சீட் பின்னால் போனது.

என் கையில் கேமரா இருந்தது.
மூடி கழற்றவில்லை.