அளவு நோட்டு

அரக்கை உருக்கியது நான்தான்.
கல்மண்டபத்தில், பெனடிக்டாவின் தையல் கடை ஷட்டரில்
பூட்டின் மேல் காடாத் துணி சுற்றி,
காற்றுக்கு அணையாமல் மெழுகுவத்தியைக் கையால் மறைத்து,
சிவப்பு சொட்ட
முத்திரை குத்தினேன்.
கை நடுங்கவில்லை.
பதினேழு வருட சர்வீஸ்.

"நிர்வாகக் காரணங்களை முன்னிட்டு."
இந்த மூன்று சொல்லுக்குள்
எத்தனையோ பேரைப் பூட்டியிருக்கிறேன்.
காரணம் என்ற சொல் இருக்கும்.
காரணம் இருக்காது.

மண்டல அலுவலகத்தில் மேலதிகாரி சொன்னார்.
அவருக்கு மேலே ஒருவர் போனில் சொன்னார்.
அந்தப் போன் எங்கிருந்து வந்ததென்று
கோப்பில் குறிப்பில்லை.
நோட்டீஸ் தேதி பன்னிரண்டு.
சீல் வைத்த தேதியும் பன்னிரண்டு.
சட்டம் கொடுத்த ஏழு நாளை
ஒரே மத்தியானத்தில் தின்றுவிட்டோம்.

உள்ளே அகப்பட்டவை:
கை வைக்காத முப்பத்தோரு ரவிக்கை,
காசிமேட்டு மீன்காரப் பெண்கள் சங்கத்துக்கு
ஒரே நீலத்தில் வெட்டிப் போட்ட துணி,
யாருடையதோ முகூர்த்தப் பட்டு.

ஐகோர்ட் வராந்தாவில் மூன்று நாள் நின்றேன்.
கேஸ் வந்தபோது நாலே நிமிடம்.
"எந்தப் பிரிவின் கீழ்?"
எங்கள் வக்கீல் கோப்பை முன்னாலிருந்து புரட்டினார்,
பின்னாலிருந்து புரட்டினார்.
காகிதச் சத்தம் தவிர
மாநகராட்சிக்கு அன்று வேறு குரல் இல்லை.

நீதிபதி கோபப்படவில்லை.
"அதிகாரம் உண்டு.
எழுதிய இடம் வரைக்கும் உண்டு" என்றார்.
இன்று ஐந்து மணிக்குள்.
வைத்தவர் கையாலேயே.

பாரிமுனையில் பஸ் நகரவில்லை.
ஆட்டோ பிடித்தேன், சொந்தக் காசு.
காய்ந்த அரக்கு லேசில் விடாது.
பிளேடு, பிறகு ஆணி, கடைசியில் நகம்.
உதிர்ந்த பொடி
செருப்பெல்லாம் சிவப்பு.

ஷட்டர் ஏறியதும்
அடைந்து கிடந்த துணி வாடையும் மெஷின் எண்ணெயும்
என்னைத் தள்ளிக்கொண்டு தெருவுக்கு வந்தன.
கல்யாணம் முடிந்து பதினோரு நாள்.
அந்தப் பட்டை அவள் தொடவில்லை.
அதற்கு எந்த கோர்ட்டிலும் உத்தரவு கிடைக்காது.

திட்டுவாள் என்று நின்றேன்.
அளவு நோட்டை நீட்டினாள்.
"எழுதுங்க சார். தேதி, மணி,
பேரு, பதவி. கீழ கையெழுத்து."
எழுதினேன். நாலு ஐம்பது.

"காரணம்?"

தோள், மார்பு, இடுப்பு, கை நீளம் என்று
ஸ்கேல் வைத்து அவள் போட்ட கட்டங்களில்
ஒன்று காலியாகவே இருந்தது.
பேனாவைப் பிடித்தபடி
சட்டைப் பையில் போனைத் தொட்டுப் பார்த்தேன்.
எனக்கு மேலே
இப்போது யாரும் கூப்பிடவில்லை.