காலி எடை

புதுவயல் ஆலைத் தெருவில் லாரி எடைமேடை எனக்கு.
கண்ணாடிக் கூண்டு, கம்ப்யூட்டர், ஒரு டேபிள் ஃபேன்.
சிவப்பு எண்கள் ஓடி ஓடி நிற்கும்வரை
வேறு வேலையில்லை.
அந்த இடைவெளியில்தான்
கை மேலே போகும்.

போனது தெரியாது.
இடது புருவத்தின் வால்பக்கம்
இரண்டு விரல்கள் மேய்ந்து மேய்ந்து
ஒன்றைக் கண்டுபிடிக்கும்:
மற்றதைவிடத் தடித்தது, முரடு, கம்பி மாதிரி.
உள்ளே ஆலையில் ஒரு மெஷின் இருக்கிறது.
அரிசி கொட்டும்போதே
கறுப்பு மணியைக் கேமரா பார்த்துவிடும்,
புஸ்ஸென்று காற்றால் தட்டி வெளியே எறியும்.
நான் அதுதான்.
என்ன, எது நல்ல அரிசி என்று
எனக்குள் யாரும் பதிந்து வைக்கவில்லை.

சுருக்கென்று ஒரு வலி, பின்னாலேயே ஒரு நிம்மதி.
உண்மையைச் சொன்னால் வலியே இல்லை.
வேரின் வெள்ளை முளையை
விரல்நுனியில் உருட்டிக்கொண்டிருப்பேன்.
ஹாரன் அடிக்கும்.
ரசீது கிழித்துக் கொடுப்பேன்.

ஆடி முடிவதற்குள் பாதிப் புருவம் இல்லை.

விளக்கெண்ணெய் என்றாள் கோட்டையூர் நாத்தனார்.
சின்ன வெங்காயச் சாறு என்றாள் மாடிவீட்டு பாக்கியலெட்சுமி;
கண் எரிந்து அழுததுதான் மிச்சம்.
அழ ஒரு காரணம் கிடைத்தது என்றும் சொல்லலாம்.
பஸ்ஸில் ஒருத்தி என் நெற்றியைப் பார்த்தாள்,
பிள்ளையைத் தூக்கி அந்தப் பக்கம் வைத்துக்கொண்டாள்.
அவள் நினைத்த நோயின் பெயர் எனக்குத் தெரியும்.
இறங்கும்வரை ஜன்னலைப் பார்த்தேன்.

பென்சிலால் வரைந்துகொண்டால்
பதினோரு மணி வெயிலில் காதோரம் இறங்கிவிடும்.
"மை வழியுதுக்கா" என்றான்
மூட்டை இறக்கும் சேவுகமூர்த்தி.
கேலியில்லை.
துடைக்கத் தன் தலைத்துண்டை நீட்டினான்,
அதில் தவிடு.

காரைக்குடியில் தோல் டாக்டர் ரஹ்மத் நிஷா.
தைராய்டு சரி. இரும்பு கொஞ்சம் குறைவு.
மரத்துப்போயிருக்கிறதா என்று பஞ்சால் தொட்டார்.
கூசியது.
அன்று முதல்முறை நன்றாக மூச்சு விட்டேன்.
பிறகு லென்ஸ், நெடுநேரம்.
செதில் இல்லை, வட்டமாய் வழுக்கை இல்லை,
எல்லாம் ஒடிந்த குட்டைகள், ஒவ்வொன்றும் ஓர் உயரம்.
அறுத்த வயலில் தாள் ஒரே மட்டமாய் நிற்கும்.
இது மாடு மேய்ந்த வயல்.
"கை போகுதாம்மா?" என்றார்.
பிடுங்குறியா என்று கேட்கவில்லை.
கை போகுதா.
அந்த வாக்கியத்துக்குள் எனக்கு
உட்கார இடம் இருந்தது.

மாத்திரை ஒன்றே ஒன்று, இரும்புக்கு.
சீட்டின் பின்பக்கம் ஓர் எண்:
வியாழன்தோறும் வருகிற ஆலோசகர், ஜெரால்டு,
என்னைவிட ஆறு வயது சின்னவர்.
நிறுத்தச் சொல்லவில்லை. எழுதச் சொன்னார்.
எப்போது, எத்தனை, அதற்கு முந்தைய நிமிடம் என்ன.
பழைய ரசீதுகளின் முதுகில் எழுதினேன்.
காலை 10.20. லாரி வரவில்லை. ஏழு.
மதியம் 3.05. முதலாளி கணக்குக் கேட்டார். நான்கு.
இரவு. அவர் சிங்கப்பூரிலிருந்து பேசி வைத்த பின்.
எண்ணவில்லை.

அந்த வரியை ஜெரால்டு இரண்டு முறை படித்தார்.
ஒன்றும் கேட்கவில்லை, அடுத்த வியாழன்வரை.

கை கிளம்பினால் முஷ்டி பிடித்து நூறு எண்ணு.
ஆள்காட்டி விரலுக்கு பிளாஸ்திரி.
விரலுக்கு வேறு தீனி வேண்டுமென்றால்
சாம்பிள் கிண்ணத்து நெல்லை எடுத்து
ஒவ்வொன்றாய் உமி உரி.
உரித்தேன்.
சில நாள் இருநூறு மணி.
இருபத்திரண்டு நாள் சும்மா இருந்தேன்;
இருபத்து மூன்றாம் நாள் ஒரே இரவில்
வலதுபக்கமும் போனது.
"அதையும் எழுதுங்க" என்றார் ஜெரால்டு,
மழை எத்தனை சென்டிமீட்டர் என்று கேட்பதுபோல.

நேற்று ஆலை மூடியபின்
மேடையில் நானே ஏறி நின்றேன்.
பத்துப் பத்தாய்த்தான் காட்டும் அது.
அறுபது என்றது.
பிடுங்கிய அத்தனையும் திரும்ப வைத்தாலும்
அறுபதுதான் என்னும்.

கூண்டுக் கண்ணாடியில் பார்த்தால்
இடதுவாலில் ஏழெட்டு முளைத்திருக்கின்றன.
அதில் ஒன்று நரை.
தடித்தது, முரடு.
கை தூக்கினேன்.
தெருவில் லாரி இல்லை.
இறக்கினேனா என்பதை
வியாழக்கிழமை ஜெரால்டிடம் சொல்லிக்கொள்கிறேன்.