நாற்பத்து மூன்றாம் நிமிடம்

செந்தூல் பசார், நான்காம் மாடி.
மின்தூக்கி தீபாவளிக்கு முந்தின வாரமே செத்துப்போச்சு.
வெற்றுத் தட்டுகளைப் படியேறித்தான் சுமந்தோம்,
ஐம்பது ஐம்பதாய், குச்சியில் கோத்த தோசை போல.

எட்டு வாய்க் கோபுரம் அது.
எட்டும் ஒரே நேரத்தில் நாக்கை நீட்டும்,
வைத்ததை விழுங்கும்.
எரிப்பது என்றுதான் எங்கள் பேச்சு.
புகை கிடையாது. சாம்பல் கிடையாது.
வெளியே வரும்போது ஓர் இளஞ்சூடு,
காய்ச்சல் விட்ட பிள்ளையின் நெற்றி மாதிரி.

அடிப்புறம் கத்திரிப்பூ நிறம்.
எழுதிய பாகம் மட்டும் ஒரு மாற்று கருத்திருக்கும்.
உள்ளிருந்து வெளியே வளரும் வட்டம்;
படம் எத்தனை நீளம் என்று
விளக்கில் சாய்த்துப் பார்த்தே சொல்வேன்.

மூலப்பிரதி சந்திரகாசன் கொண்டுவருவான்.
முதல் காட்சி, கடைசிக்கு முந்தின வரிசை,
மடியில் பை, பையில் ஓட்டை, ஓட்டையில் கேமரா.
நாற்பத்து மூன்றாம் நிமிடம்
யாரோ கழிவறைக்கு எழுந்து போவார்.
நாயகியின் முகத்தில் அவர் தலை
கருப்பாய் ஏறி இறங்கும்.
சரியாக அப்போது ஓர் இருமல். இரண்டு தரம்.
அது சந்திரகாசன்.
மிட்டாய் வாயில் போட்டுக்கொள் என்று
எத்தனை தடவை சொல்லியிருப்பேன்.

ஆயிரத்து இருநூறு முறை அந்த இருமலை எரித்தேன்.
பிரிக்பீல்ட்ஸ் போச்சு, கிள்ளான் போச்சு,
புதன்கிழமை பாசார் மாலாமில்
மூன்று பத்து வெள்ளி என்று போச்சு.
"தெளிவா இருக்குமா அக்கா?"
"இருக்கும். ஒருத்தர் மட்டும் எழுந்து போவார்."

ரெய்டு வந்த இரவு
நான் கீழே நாசி லெமாக் வாங்கப் போயிருந்தேன்.
கோபுரம், தட்டு, அட்டை அச்சடிக்கும் பெட்டி, அவன்,
எல்லாம் ஒரே வேனில்.
என்னைப் பார்த்தான்,
பார்க்காத மாதிரி பார்த்தான்.
நான் பொட்டலத்தைப் பிரித்து
நின்றபடியே தின்ன ஆரம்பித்தேன்.
பிறகு அவனுடையதையும்.
அதில் சம்பல் அதிகம் கேட்டு வாங்கியிருந்தேன்.

பதினேழு வருஷம் கழித்து, காஜாங்கில்,
தம்பி மகனுக்குப் பெண் பார்க்கப் போன வீடு.
டிவிக்கு அடியில் பழைய தட்டுகள்.
ஒன்றின் மேல் மார்க்கரில் என் கையெழுத்து,
படத்தின் பேரில் ஒரு துணைக்கால் விட்டுப்போய்.
"இதெல்லாம் இன்னும் ஓடுமா?" என்று
பெண்ணின் அப்பா வேடிக்கைக்குப் போட்டார்.

ஓடியது.
திரை இடப்பக்கம் சாய்ந்திருந்தது.
கட்டம் கட்டமாய் உடைந்தது, நின்றது,
முனகிக்கொண்டு மறுபடி நகர்ந்தது.
பலகாரம் வந்தது, ஜாதகம் வந்தது.
நான் மணியையே பார்த்துக்கொண்டிருந்தேன்.
நாற்பத்து இரண்டில் எழுந்து,
எல்லார்க்கும் திரையை மறைத்துக் குறுக்கே நடந்து,
கழிவறை எங்கே என்று கேட்டேன்.

கதவைச் சாத்திய பிறகும் கேட்டது.
இரண்டு தரம்.
குழாயை இன்னும் கொஞ்சம் திறந்துவிட்டேன்.