பேர் வெட்டு

சனிக்கிழமை இரவு எட்டரை என்றால்
உனக்கு மத்தியானம் மூன்று மணி.
நீ சப்பாத்து நாடாவை இரண்டு முடிச்சுப் போடுகிறாய்.
நான் ஸ்டோரின் மேல்மாடியில்
வாட்டுத் தொட்டிக் கொழுந்தைப் புரட்டிவிட்டு
போனை ஜன்னல் கட்டையில் சாய்த்து வைக்கிறேன்.
டயகமப் பக்கம் மழை இறங்கினால் சிக்னல் போகும்.
அப்போது நீ
ஒரு காலை நீட்டியபடி
பந்துக்கும் ஆளுக்கும் நடுவே
சதுரம் சதுரமாக உறைந்துபோவாய்.

கார்த்வெயிட்,
உன் பேரைச் சரியாகச் சொல்ல எனக்கு ஒரு வருசம் ஆனது.
இங்கே உன்னை ஒருத்தருக்கும் தெரியாது.
கோல் போடுகிறவன் பேரைத்தான்
லயத்துப் பொடியன்கள் முதுகில் எழுதிக்கொண்டு திரிகிறார்கள்.
ஐந்தாம் நம்பரை எவன் கேட்டு வாங்குவான்?
நான் வாங்கினேன்.
மேற்பிரிவு அணிக்கு, பதினொரு வருசம்.

எங்கள் மைதானம் சரிவு.
ஒரு பாதி மேட்டுக்கு, மறு பாதி பள்ளத்துக்கு.
பள்ளத்துப் பக்கம் நிற்பவன்
கோலை மட்டும் காத்தால் போதாது.
பந்து தப்பினால் எட்டாம் நம்பர் மலைக்குள் இறங்கி
ஏதோ ஒரு தூரில் ஒளிந்துகொள்ளும்.
தேடி எடுத்து வருவதும் நான்தான்,
காலுறைக்குள் இரண்டு அட்டைகளோடு.

உன் கணக்கு எனக்கு மனப்பாடம்.
நானூற்றுப் பன்னிரண்டு ஆட்டம். மூன்று கோல்.
சொந்தப் பக்கமே போட்டது இரண்டு,
அதை யாரும் சேர்ப்பதில்லை, நான் சேர்த்து வைத்திருக்கிறேன்.
முழங்காலை இரண்டு முறை திறந்து மூடினார்கள்.
இருபத்தாறு வயதில்
பக்கத்து வீட்டுக்குச் சீனி கொடுப்பதுபோல
உன்னை வேறு ஊருக்குக் கைமாற்றாகக் கொடுத்தார்கள்.
புகைபோக்கிகள் நிற்கிற மழை ஊர்.
இடைவேளையில் நீ கோப்பையோடு நின்றதை
கெமரா ஒரே ஒருமுறை காட்டியது.
எங்கள் மலைச் சாயமா, கென்யாவா,
தெரியாது.
பாதியைப் புல்லில் ஊற்றிவிட்டுப் போனாய்.

தீபாவளிக் கிண்ணத்தில் கீழ்ப்பிரிவோடு கடைசி ஆட்டம்.
சிவலிங்கராஜா அடித்த பந்தைக் கோட்டில் வைத்து நெற்றியால் திருப்பினேன்.
திருப்பிய வேகத்தில் கம்பத்தில் மோதினேன்.
ஒன்றுக்குச் சைபர், நாங்கள் வென்றோம்.
கோல் போட்ட விமலதாசை
லொறியில் ஏற்றி பஜார் முழுக்கச் சுற்றினார்கள்.
நான் ஆட்டோவில், துவாயை நெற்றியில் அழுத்தியபடி
அகரப்பத்தனை ஆஸ்பத்திரிக்குப் போனேன்.
வழியில் லொறி எதிரே வந்தது.
ஆட்டோக்காரன் ஒதுங்கி வழி விட்டான்.
ஏழு தையல். மறுநாள் அரைப் பேர்தான் விழுந்தது.

இந்த மே மாதம்
உன் கிளப் ஆறு பேரின் பட்டியல் போட்டது.
மூன்றாவது நீ.
விடுவிக்கப்படுகிறார்கள் என்று எழுதியிருந்தார்கள்,
ஏதோ மறியலில் இருந்தவர்களைப் போல.
எங்கள் கணக்கப்பிள்ளை சுற்றி வளைக்க மாட்டார்.
பேர் வெட்டியாச்சு என்பார்,
அடுத்த ஆளைக் கூப்பிடுவார்.

உங்கள் கடிகாரம் கோடைக்கு மாறியிருந்தது.
ஏழரைக்கே ஆட்டம் தொடங்கிவிட்டது.
எண்பத்தெட்டாம் நிமிசம் உன்னை இறக்கினார்கள்.
ஒரே ஒரு பந்து உன் பக்கம் வந்தது.
அழகெல்லாம் பார்க்கவில்லை நீ,
கூட்டத்துக்குள் ஓங்கி உதைத்தாய்.
ஒரு சிறுமி அதைப் பிடித்து மடியில் வைத்துக்கொண்டாள்,
கேட்டும் தரவில்லை.
விசில் ஊதியதும் கெமரா வேறு பக்கம் திரும்பியது.

நான் போனை அணைத்தேன்.
காற்றாடி ஓடிக்கொண்டிருந்தது.
தொட்டியிலிருந்து ஒரு பிடி கொழுந்தெடுத்து இறுக்கினேன்.
உருண்டையாக நின்றால் பதம்.
விரலைத் திறந்தேன்.
விரிந்துவிட்டது.
இன்னும் நேரமிருக்கிறது.